ஈரத் தோட்டா

மழைக்கு இது இருபத்தோராவது நாள்.
பதினான்கு கோழிகள் ஒன்பதாகிவிட்டன.

ஐந்துக்கும் கழுத்தில் இரண்டே துளை.
ரத்தம் குடிக்கிற பிசாசு என்பார்கள்
கடலுக்கு அந்தப் பக்கத்தில்.
சிலோயே தீவில் நாங்கள்
கின்யா என்கிறோம்.
பூனைதான்.
வீட்டுப் பூனையைவிடச் சிறியது,
பிசாசைவிடப் பசி அதிகம்.

பெலிசாரியோ வந்தான்,
கூண்டுச் சுவரின் ஓட்டைக்குள்
முட்டியை மடக்கி நுழைத்துப் பார்த்தான்.
போகவில்லை.
"இதுல நுழையுதுன்னா
அதுக்கு எலும்பே கிடையாது, எடெல்மிரா."
தன் துப்பாக்கியைக் கொடுத்தான்.
கூடவே ஒரு தோட்டா.
அதுவும் ஒன்றுதானே என்றான்,
காட்டைக் கணக்கெடுத்து வந்தவன்போல.

அன்றிரவு
கவிழ்த்த வாளிமேல் உட்கார்ந்தேன்,
தோளில் குதிரைப் போர்வை.
எதிரே ஒரே கழியில்
ஒன்பது கோழிகளும் ஒட்டிக்கொண்டு
ஒற்றைத் தலையணையாகத் தூங்கின.
தகரக் கூரையில் மழை
என் யோசனை எதையும்
முடிக்க விடவில்லை.

அது வந்ததை நான் பார்க்கவில்லை.
இருட்டில் ஒரு துண்டு மட்டும்
மூச்சு விட்டது.

விளக்கை அடித்தேன்.
கறுப்பு.
பழுப்பில் புள்ளி வைத்தவையும் உண்டு;
இது கறுப்பு.
உற்றுப் பார்த்தால்
அந்தக் கறுப்புக்குள்ளும் புள்ளிகள்,
கரிப்பலகையில்
கரியால் எழுதிய மாதிரி.
உடம்பில் பாதிக்கு வால்,
பாட்டில் கழுவும் பிரஷ் தடிமனில்.

விசையை இழுத்தேன்.

டிக்.

தோட்டாவும் இருபத்தொரு நாள்
எங்களோடு நனைந்திருக்கிறது.

அது என்னைப் பார்த்தது.
பிறகு, நான் இல்லாததுபோல,
ஏறிப்போய்
நீல முட்டையிடும் கோழியைப் பிடித்தது.
ஒரு சத்தம். முடிந்தது.
எழுந்திருக்க வேண்டும் என்று தோன்றியது,
எழவில்லை.

ஓட்டைவரை இழுத்துக்கொண்டு வந்தது.
ஓட்டைக்குள் அது போகும்,
கோழி போகாது.
வெளியே நின்று இழுத்தது.
உள்ளே வந்து தள்ளியது.
இடப்புறம் புரட்டி,
வலப்புறம் புரட்டி,
காஸ்த்ரோ பேருந்தில்
கிழங்கு மூட்டை ஏற்றும்போது
நான் படும் பாட்டையெல்லாம் பட்டது.

அப்புறம் நாய் குரைத்தது.
கோழியைப் போட்டுவிட்டுப் போயிற்று.

ஐந்து முறையும் அப்படித்தான்.
நாய் குரைக்கும், நான் ஓடி வருவேன்,
கோழி கிடக்கும்,
மறுநாள் சூப்.
ஐந்து இரவு அது வேட்டையாடியது,
ஐந்து பகல் நான் சாப்பிட்டேன்.
இதை நான்
இதுவரை கூட்டிப் பார்த்ததில்லை.

விடிந்ததும் தடம் பிடித்துப் போனேன்.
கிழங்கு வயலின் வரப்போரம்
ரூபாய்க் காசு அளவில் பாதங்கள்,
வெட்டவெளிப் பக்கம்
ஒன்றுகூடத் திரும்பவில்லை.
ஓடைக்கரையில் போய் முடிந்தன.
அங்கே கில்லா மூங்கில் புதர்,
நடுவில் நாலைந்து உல்மோ மரம்,
யாருக்கும் வேண்டாமென்று விட்டது.
இந்தப் பக்கம் என் வயல்,
அந்தப் பக்கம் பெலிசாரியோவின் மேய்ச்சல்.
குறுக்கே நடந்து பார்த்தேன்.
பதினோரு அடி வைத்தேன், காடு தீர்ந்தது.
நீளவாக்கில்
எதுவரை போகிறதோ தெரியாது.

பதினோரு அடி அகலத்தில்
ஒரு நாடு.

மதியம் துப்பாக்கியைத் திருப்பிக் கொடுத்தேன்.
"சுட்டியா?"
"தோட்டா நனைஞ்சிருந்தது."
"சரி விடு. செப்டம்பர்ல
அந்த ஓடைப் புதரை வெட்டிடுறேன்.
விறகுக்கு நல்ல விலை."

"அங்க சேறு, பெலிசாரியோ.
போன வருஷம் என் கன்னுக்குட்டி
இடுப்பு வரைக்கும் இறங்கிடுச்சு."

என்னிடம் எந்த வருஷமும்
கன்றுக்குட்டி இருந்ததில்லை.
வேலிக்கு வேலி இருப்பவன்,
அவனுக்கும் தெரியும்.
கொஞ்ச நேரம்
துப்பாக்கிக் குழலுக்குள் எட்டிப் பார்த்தான்.
"மாடு இறங்கினா கஷ்டம்தான்"
என்று சொல்லிவிட்டு
மழைக்குள் போனான்.

சாயங்காலம்
ஓட்டைமேல் பலகை வைத்து அடித்தேன்.
மூன்று ஆணி.
ஒன்று வளைந்துகொண்டது.
நிமிர்த்தவில்லை.